ஆஸ்பெஸ்டாஸ் நோய்க்கு இழப்பீடு: மனு போடுமுன் சேர்க்க வேண்டியவை

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

தென்மேற்குப் பருவமழையில் ஆஸ்பெஸ்டாஸ் கூரை ஷீட் பறந்தால் அது செய்தியாகிறது. அதிகாரிகள் வருகிறார்கள், நிவாரணமும் கிடைக்கிறது. அதே ஷீட்டை இருபது முப்பது வருஷம் அறுத்தும் துளைத்தும் மாட்டியவருக்கு மூச்சு வாங்கினால் அவரை யாரும் எட்டிப் பார்ப்பதில்லை. அவரும் அதை வயதின் மேலோ குளிரின் மேலோ போட்டுவிட்டு இருந்துவிடுகிறார். கல்நார், அதாவது ஆஸ்பெஸ்டாஸ், தூசியால் நோயுற்ற தொழிலாளிக்கு இழப்பீடு தர நம் நாட்டில் நெடுநாளாகச் சட்டம் இருக்கிறது. மனுக்கள் தோற்பது காகிதத்தில்தான். நீலகிரித் தொழிலாளர்கள் எந்தக் காகிதத்தை எப்போது சேர்க்க வேண்டும் என்பதை எழுதவே இந்தக் கடிதம்.

முதலில் ஒரு பயத்தைத் தீர்த்துவிடுவோம். தோட்டத் தொழிலாளர் லயன் வீட்டில் ஷீட் கூரையின் கீழ் குடியிருப்பதாலேயே எல்லோருக்கும் நோய் வந்துவிடாது. உடையாத ஷீட்டில் நார் சிமெண்டோடு இறுகிக் கிடக்கிறது. அறுக்கும்போதும், ஜே போல்ட்டுக்குத் துளை போடும்போதும், உடைந்த துண்டுகளை அள்ளிக் கொட்டும்போதும்தான் அது காற்றில் கலக்கிறது. நம் மலையில் இன்னொன்றும் சேர்கிறது: ஈரத்தில் கூரை முழுக்கப் பாசி பிடிக்கும். மழை விட்டதும் ஆளை ஏற்றிக் கம்பி பிரஷ்ஷால் சுரண்டச் சொல்வார்கள். காய்ந்த பாசியோடு ஷீட்டின் மேல்தோலும் பொடியாக வரும். வருஷா வருஷம் இந்த வேலையையே பார்த்த மேஸ்திரிகளும் கூலி ஆட்களும் உண்டு.

கூரை மட்டும் இல்லை. தேயிலை ஆலையில் டிரையருக்குச் சூடு கொடுக்கும் ஹீட்டரின் கதவுச் சந்தில் அடைக்கும் கயிறு, குழாய்களை இணைக்கும் ஃபிளாஞ்சுக்கு நடுவே வைக்கும் அட்டை, கொதிகலனுக்கும் நீராவிக் குழாய்க்கும் சுற்றிய பொதி எல்லாம் ஒரு காலத்தில் கல்நார்தான். பழைய பொதியைத் தட்டி உதிர்த்துவிட்டுப் புதியதைச் சுற்றும் ஃபிட்டரும் அவருக்கு உதவியாளாக நிற்பவரும் ஷீட் மாட்டுகிறவரைவிட அதிகமாகத் தூசி தின்றிருப்பார்கள். நீராவி எஞ்சின் கொதிகலன்களுக்கும் உலகெங்கும் இதே பொதியைப் போட்ட காலம் இருந்தது. அடுத்தது பிரேக். குன்னூர் வழி மேட்டுப்பாளையம் இறங்க 14 கொண்டை ஊசி வளைவுகள், கல்லட்டிப் பாதையில் 36. இங்கே ஓடும் லாரிக்கும் பஸ்ஸுக்கும் லைனிங் சமவெளி வண்டியைவிடச் சீக்கிரம் தேயும். டிரம்மைக் கழற்றி, உள்ளே படிந்த கறுப்புத் தூளைக் கம்ப்ரஸர் காற்றால் ஊதி, புது லைனிங்கை ரிவெட் அடித்து, ஓரத்தைத் தேய்த்துச் சரி செய்வதுதான் ஒர்க்‌ஷாப் வழக்கம். பழைய லைனிங்கில் கல்நார் இருந்தது. வெள்ளைக் கல்நாருக்கு இந்தியாவில் இன்றும் முழுத்தடை இல்லை.

இனி சட்டம். 1923ஆம் ஆண்டு ஊழியர் இழப்பீட்டுச் சட்டத்தின் மூன்றாம் அட்டவணையில் தொழில்சார் நோய்களின் பட்டியல் இருக்கிறது. நுரையீரல் தழும்பேறிச் சுருங்கும் ஆஸ்பெஸ்டோசிஸ் அதில் ‘சி’ பகுதியில் வருகிறது. கல்நாரால் வரும் நுரையீரல் புற்றுநோயும், நுரையீரல் உறையில் வரும் மீசோதீலியோமாவும் ‘பி’ பகுதியில் வருகின்றன. ‘பி’ பகுதி நோய்க்கு ஒரே முதலாளியிடம் தொடர்ந்து ஆறு மாதம் அந்த வேலை பார்த்திருந்தால் போதும். நோய் வேலையால் வந்ததாகவே சட்டம் எடுத்துக்கொள்ளும். இல்லை என்று நிரூபிக்கும் சுமை முதலாளிக்கு. பல முதலாளிகளிடம் மாறி மாறி வேலை பார்த்து ‘சி’ பகுதி நோய் வந்தால், யார் எவ்வளவு தருவது என்று பிரித்துச் சொல்வது இந்த மனுக்களை விசாரிக்கும் ஆணையரின் வேலை. ‘நாங்கள் கல்நார்க் கம்பெனியே இல்லையே’ என்று ஆலைக்காரரும் ஒர்க்‌ஷாப்காரரும் சொல்வார்கள். அட்டவணையில் நோய்க்கு எதிரே கம்பெனியின் பெயர் இல்லை. அந்த ஆபத்துக்கு ஆளாக்கும் எல்லா வேலைகளும் என்றுதான் எழுதியிருக்கிறது. மனுவில் இந்த வரியை அப்படியே எடுத்து எழுதுங்கள்.

2025 நவம்பர் 21 முதல் இந்தச் சட்டத்தின் இடத்தில் 2020ஆம் ஆண்டின் சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பு வந்திருக்கிறது. அதன் ஏழாம் அத்தியாயம் பழைய ஏற்பாட்டைத்தான் பெரும்பாலும் தொடர்கிறது; நோய்ப் பட்டியல் அங்கேயும் மூன்றாம் அட்டவணைதான். அந்தத் தேதிக்கு முன்பே எழுந்த உரிமையைப் பழைய சட்டப்படி கேட்கலாம். எனவே நோய் முதலில் எந்தத் தேதியில் கண்டுபிடிக்கப்பட்டது என்பதை மனுவின் முதல் பக்கத்திலேயே எழுதிவிடுவது நல்லது.

பெரும்பாலான மனுக்கள் விழும் இடம் காலக்கெடு. பழைய சட்டத்தின் பத்தாவது பிரிவு, இரண்டு ஆண்டுக்குள் மனு போடச் சொல்கிறது. வேலையை விட்ட இரண்டு ஆண்டுக்குள் அறிகுறி தெரிந்தால், அது தெரிந்த நாளையே விபத்து நடந்த நாளாகக் கொள்ளலாம் என்றும் சொல்கிறது. ஆனால் ஆஸ்பெஸ்டோசிஸ் தலைகாட்டப் பத்து இருபது ஆண்டு ஆகும், மீசோதீலியோமாவுக்கு முப்பது நாற்பதும் ஆகும். 58 வயதில் ஓய்வு பெற்றவருக்கு 70இல் நோய் தெரிந்தால், எதிர்த்தரப்பு வக்கீல் முதல் வாய்தாவிலேயே இந்தப் பிரிவைத்தான் எடுப்பார். அதற்குப் பதில் அதே சட்டத்தில் இரண்டு இடத்தில் இருக்கிறது. மூன்றாவது பிரிவு, வேலையை விட்ட பிறகு வந்த நோயும் அந்த வேலையால் வந்தது என்று நிரூபித்தால் இழப்பீட்டுக்கு உரியது என்று தெளிவாகவே சொல்கிறது. பத்தாவது பிரிவே, தாமதத்துக்குப் போதிய காரணம் இருந்தால் ஆணையர் மனுவை ஏற்கலாம் என்கிறது. ஆகவே தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவைத் தனியாக, பிரமாணப் பத்திரத்தோடு, முதல் நாளே சேர்த்துப் போட வேண்டும். எந்த மருத்துவர் எந்தத் தேதியில் நோயின் பெயரை முதலில் எழுதினார், அதற்கு முன் என்ன நோய் என்று சொல்லி மருந்து கொடுத்தார்கள் என்பதைத் தேதிவாரியாக எழுதுங்கள். ஆட்சேபம் வந்த பிறகு எழுதிக்கொள்ளலாம் என்று விட்டால் அது சாக்குப்போக்காகத்தான் தெரியும்.

அதற்கு முன் என்ன நோய் என்று சொன்னார்கள்? பெரும்பாலும் டிபி. நெஞ்சில் நீர் கோத்திருந்தாலே டிபி மருந்து ஆரம்பித்துவிடும் வழக்கம் இருக்கிறது. நம் நாட்டு நிலவரத்தில் அதை முழுக்கக் குறை சொல்லவும் முடியாது. ஆனால் சளியில் கிருமி இல்லை என்று வந்த முடிவுகளைத் தூக்கிப் போடாதீர்கள். ஆறு மாதம் மருந்து சாப்பிட்டும் மூச்சிரைப்பு குறையவில்லை என்பதற்கு அந்தச் சீட்டுகளே சாட்சி. மருத்துவர் முன் உட்கார்ந்ததும் என்ன வேலை பார்த்தீர்கள் என்பதை நீங்களாகவே சொல்லி, எந்த ஆண்டு முதல் எந்த ஆண்டு வரை, எந்த இடத்தில், என்ன தூசி என்று ஓ.பி. சீட்டில் எழுதித் தரக் கேளுங்கள். இழப்பீடு கேட்கும் எண்ணமே இல்லாத காலத்தில் எழுதிய அந்த ஒரு வரி, வழக்கு போட்ட பிறகு வாங்கும் நீளமான சான்றிதழைவிட அதிகம் நம்பப்படும்.

பரிசோதனைகளிலும் கவனிக்க வேண்டியவை உண்டு. சாதாரண எக்ஸ்ரேயில் ஆரம்ப நிலை தப்பிவிடும். எக்ஸ்ரே எடுத்தால் அதைச் சர்வதேசத் தொழிலாளர் அமைப்பின் நிமோகோனியோசிஸ் (தூசியால் வரும் நுரையீரல் நோய்) வகைப்பாட்டின்படி படித்து எழுதச் சொல்லுங்கள். நுரையீரலை நுணுக்கமாகக் காட்டும் எச்ஆர்சிடி ஸ்கேனைக் குப்புறப் படுக்க வைத்தும் எடுக்க வேண்டும். மல்லாக்கப் படுத்தால் நுரையீரலின் பின்பக்க அடிப்பகுதி தன் எடையிலேயே அமுங்கி நிழலாகத் தெரியும்; ஆஸ்பெஸ்டோசிஸ் தழும்பு தொடங்குவதும் அதே இடத்தில்தான். குப்புறப் படுத்தும் நிழல் போகாவிட்டால் அது தழும்பு. இதைச் செய்யாத ஸ்கேனை எதிர்த்தரப்பு மருத்துவர் ஒரே வரியில் தள்ளிவிடலாம். மூச்சுத் திறன் பரிசோதனையில் ஊதிப் பார்க்கும் ஸ்பைரோமெட்ரி மட்டும் போதாது, வாயு ஊடுருவும் திறனைக் காட்டும் டிஎல்சிஓவும் வேண்டும். இதைக் கோவையில் செய்துகொள்ளச் சொல்வோம். ஊட்டி கடல் மட்டத்திலிருந்து 2,240 மீட்டர் உயரம். இங்கே நல்ல நுரையீரல் உள்ளவருக்கும் விரலில் மாட்டும் கருவி ஆக்சிஜனைக் கொஞ்சம் குறைத்தே காட்டும். உயரத்தால் வந்த குறைவு என்ற வாதத்துக்கு இடம் கொடுப்பானேன்? ஏறத்தாழ 400 மீட்டர் உயரத்தில் எடுத்த அளவில் அந்தப் பேச்சே எழாது.

மீசோதீலியோமா என்று சந்தேகம் வந்தால், உறிஞ்சி எடுத்த நீரைப் பார்த்து மட்டும் உறுதி செய்வது பல நேரம் முடியாது. நுரையீரல் உறையிலிருந்து திசு எடுத்து, எந்த வகைப் புற்று என்று பிரித்துக் காட்டும் இம்யூனோ சாயப் பரிசோதனை செய்ய வேண்டும். அந்தத் திசுவைப் பதித்த மெழுகுக் கட்டியையும் ஸ்லைடையும் ஆய்வகத்தில் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள், அல்லது பத்திரமாக வைக்கும்படி எழுதிக் கொடுத்துவிடுங்கள். வழக்கு ஓடும் ஆண்டுகளில் அது காணாமல் போனால் மறுபடி எடுக்க ஆள் இருக்க மாட்டார்.

‘பீடி பிடித்தவர்தானே?’ என்ற கேள்வி கட்டாயம் வரும். மீசோதீலியோமாவுக்கும் புகைக்கும் தொடர்பில்லை. ஆஸ்பெஸ்டோசிஸ் புகையால் வருவதில்லை. நுரையீரல் புற்றில் மட்டும் இரண்டும் சேர்ந்து ஆபத்தைப் பல மடங்காக்கும்; பீடி பிடித்தார் என்பதால் கல்நாரின் பங்கு இல்லாமல் போய்விடாது. பழக்கத்தை மறைக்காமல் சொல்லிவிடுவதே நல்லது, மறைத்தால் மற்ற எல்லாச் சொல்லின் மேலும் சந்தேகம் விழும்.

ஊனத்தின் அளவைப் பற்றி ஒரு வீண் அலைச்சலைத் தவிர்க்கலாம். மாற்றுத்திறனாளி அடையாள அட்டை முகாமில் போய் நுரையீரலுக்குச் சதவீதம் கேட்டு நிற்கிறார்கள். 2016ஆம் ஆண்டுச் சட்டம் பட்டியலிட்ட 21 வகைகளில் நுரையீரல் நோய் இல்லை, எனவே அங்கே கிடைக்காது. இழப்பீட்டு மனுவுக்கு வேண்டியது சம்பாதிக்கும் திறன் எத்தனை சதவீதம் போயிற்று என்று தகுதியுள்ள மருத்துவர் தரும் மதிப்பீடு. நோயை உறுதி செய்ய அகமதாபாத்தில் உள்ள தேசியத் தொழில்சார் சுகாதார நிறுவனம் வரை போகாமல் அதன் பெங்களூரு மண்டல மையத்தையும் அணுகலாம்.

கணக்கு இப்படி வரும். 55 வயதில், மாதச் சம்பளம் 12,000 ரூபாய் உள்ளவர் அறவே வேலை செய்ய முடியாமல் போனால், சம்பளத்தில் 60 சதவீதமான 7,200ஐ அந்த வயதுக்குரிய காரணி 135.56ஆல் பெருக்க வேண்டும்: 9,76,032 ரூபாய். இறந்துவிட்டால் 50 சதவீதம், அதாவது 8,13,360. திறன் இழப்பு 30 சதவீதம் என்றால் முதல் தொகையில் 30 சதவீதம். 2020 ஜனவரி முதல் கணக்குக்கு எடுக்கும் சம்பள உச்சம் 15,000. உரிய நாளிலிருந்து ஒரு மாதத்துக்குள் தராவிட்டால் ஆண்டுக்கு 12 சதவீத வட்டியும், தக்க காரணமில்லாத தாமதம் என்றால் 50 சதவீதம் வரை அபராதமும் சேரும். வட்டியையும் அபராதத்தையும் மனுவிலேயே கேட்டு எழுதுங்கள்.

வேலை பார்த்ததற்கான ஆதாரம் சேர்ப்பதுதான் அதிக நாள் பிடிக்கும் வேலை. பி.எஃப். பாஸ்புக், பென்ஷன் ஆணை, கிராஜுவிட்டி கொடுத்த காகிதம், சம்பளச் சீட்டு, கேட் பாஸ் என எது இருந்தாலும் நல்லது. ஒப்பந்தக்காரரிடம் வேலை பார்த்தவர்கள் அவரைத் தேடி அலைய வேண்டியதில்லை. பழைய சட்டத்தின் பன்னிரண்டாவது பிரிவின்படி, வேலையைக் கொடுத்த மூல முதலாளியிடமே கேட்கலாம். அவர் ஒப்பந்தக்காரரிடம் வசூலித்துக்கொள்வார். கூட வேலை பார்த்த இருவரின் பிரமாணப் பத்திரம் வாங்குங்கள். ‘தூசியில் வேலை பார்த்தார்’ என்று மட்டும் எழுதினால் பயனில்லை. எந்த ஹீட்டர், எத்தனை மாதத்துக்கு ஒருமுறை கயிறு மாற்றினார்கள், பழையதை எதனால் சுரண்டினார்கள், முகக்கவசம் கொடுத்தார்களா என்று இருக்க வேண்டும். ஆலை உரிமம், ஆய்வறிக்கை நகல்களைத் தொழிலகப் பாதுகாப்பு மற்றும் சுகாதார இயக்ககத்திடம் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய்க் கட்டணத்தில் கேட்கலாம். பதிலுக்கு 30 நாள் கெடு.

நுகர்வோர் கல்வி மற்றும் ஆராய்ச்சி மையம் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 1995 ஜனவரி 27இல், தொழிலாளியின் உடல்நலப் பதிவேட்டை வேலையில் சேர்ந்த நாளிலிருந்து 40 ஆண்டு, அல்லது வேலையை விட்டு 15 ஆண்டு, இதில் எது பிந்தியதோ அதுவரை வைத்திருக்க உத்தரவிட்டது. அந்தப் பதிவேட்டின் நகலைக் கேட்டு ஒப்புகைச் சீட்டுடன் தபாலில் கடிதம் அனுப்புங்கள். அது கல்நார் ஆலைகளுக்கான தீர்ப்பு, எங்களுக்கு இல்லை என்று பதில் வரலாம். வந்தாலும் பரவாயில்லை, நீங்கள் கேட்ட தேதியும் அவர்கள் தராததும் பதிவாகிவிடும். அதே தீர்ப்பில் இழப்பீடாக வரும் ஒரு லட்சம் ரூபாயைச் சிலர் உச்சவரம்பாக நினைத்துக்கொள்கிறார்கள், அப்படி ஒன்றும் இல்லை.

சம்பளத்தில் இ.எஸ்.ஐ. பிடித்திருந்தால் வழி வேறு. அவர்கள் ஊழியர் இழப்பீட்டுச் சட்டத்தில் மனு போட முடியாது. தொழில்சார் நோய் என்று இ.எஸ்.ஐ. கிளை அலுவலகத்தில்தான் கோர வேண்டும். சிறப்பு மருத்துவக் குழு பார்க்கும், மறுத்தால் இ.எஸ்.ஐ. நீதிமன்றம். இரண்டு கதவையும் மாறி மாறித் தட்டினால் இரண்டிலும் நாள் போகும்.

சமரசத்தில் ஏமாறுவதும் உண்டு. முத்திரைத்தாளில் ‘இனி எந்தப் பாத்தியதையும் இல்லை’ என்று எழுதி வாங்கிக்கொண்டு ஒரு தொகையைக் கையில் கொடுப்பார்கள். சட்டம் தந்த உரிமையை விட்டுக்கொடுக்கும் ஒப்பந்தம் செல்லாது. சமரசத் தொகை என்றால் அந்த ஒப்பந்தம் ஆணையரிடம் பதிவாக வேண்டும். இறந்தவருக்கான இழப்பீட்டை முதலாளி ஆணையரிடம்தான் கட்ட வேண்டும், மூன்று மாதச் சம்பளம் வரையான முன்பணம் தவிர வீட்டில் கொடுத்தது இழப்பீடாகக் கணக்கில் வராது. பதினாறாம் நாள் காரியத்துக்கென்று கொடுத்த பணத்தைக் காட்டி யாராவது மிரட்டினால் பயப்பட வேண்டாம்.

இறப்பு நேர்ந்தால் கவனிக்க வேண்டியது இறப்புக் காரணச் சான்று. ஆஸ்பத்திரியில் படிவம் 4, வீட்டில் இறந்தால் 4ஏ. ‘இதயமும் மூச்சும் நின்றது’ என்று மட்டும் எழுதினால் வழக்குக்கு உதவாது, அது எல்லோருக்கும்தான் நிற்கிறது. அடிப்படைக் காரணம் எழுதும் வரியில் நோயின் பெயர் வர வேண்டும். அந்தச் சான்றின் நகலை நெருங்கிய உறவினருக்கு இலவசமாகத் தர பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தின் 2023ஆம் ஆண்டுத் திருத்தம் சொல்கிறது. பிணக்கூறாய்வு வேண்டாம் என்று குடும்பம் நினைப்பது இயல்புதான். உயிரோடு இருக்கும்போதே திசுப் பரிசோதனை நடந்திருந்தால் அது தேவைப்படாமலும் போகலாம், நடக்கவில்லை என்றால் மட்டும் யோசியுங்கள்.

வேலைக்கே போகாமல் நோயுற்றவர்கள் நிலைதான் கடினம். கணவரின் வேலைச் சட்டையை உதறித் துவைத்த மனைவிக்கும் இந்நோய் வரக்கூடும் என்பது மருத்துவம் ஒப்புக்கொண்ட உண்மை. ஆனால் அவர் ஊழியர் அல்ல, ஆணையரிடம் போக முடியாது. கவனக்குறைவுக்காக சிவில் நீதிமன்றத்தில்தான் வழக்குப் போட வேண்டும், நிரூபிக்கும் சுமையும் அவருக்கே. கெடு மூன்று ஆண்டு; இறந்தபின் குடும்பம் 1855ஆம் ஆண்டு உயிரிழப்பு விபத்துச் சட்டத்தில் போடுவதானால் இறந்த நாளிலிருந்து இரண்டே ஆண்டு. வெற்றி நிச்சயம் என்று சொல்கிற வக்கீலை நம்ப வேண்டாம். பெண்களுக்கும், பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கும், தொழிலாளர்களுக்கும் வருமானம் பாராமல் இலவச வக்கீல் கிடைக்கும். ஊட்டியில் உள்ள மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவிலோ 15100 என்ற எண்ணிலோ கேட்கலாம். ஆணையரிடம் நடக்கும் வழக்கில் தொழிற்சங்க நிர்வாகியே ஆஜராகவும் இடமுண்டு.

கைபேசியில் மீசோதீலியோமா என்று தேடினால் கோடிக்கணக்கில் பணம் வாங்கித் தருவதாக அமெரிக்க வக்கீல் விளம்பரங்கள் வரிசை கட்டும். அவர்கள் சொல்லும் இழப்பீட்டு நிதிகள் திவாலான குறிப்பிட்ட கம்பெனிகளின் சரக்கால் பாதிக்கப்பட்டவர்களுக்கானவை. குன்னூர் ஒர்க்‌ஷாப்பில் எந்தக் கம்பெனி லைனிங் வந்தது என்று காட்ட முடியாதவருக்கு அதில் ஒன்றும் கிடைக்காது. முன்பணம் கேட்கும் இடைத்தரகருக்கு ஆதார் நகலோ ஸ்கேன் நகலோ கொடுக்காதீர்கள்.

மாவட்டத் தொழிலாளர் துறைக்கும் சுகாதாரத் துறைக்கும் ஒரு கோரிக்கை. அரசு ஆஸ்பத்திரி ஓ.பி. சீட்டில் வயது, பாலினத்துக்குப் பக்கத்தில் ‘பார்த்த வேலை, எத்தனை ஆண்டு’ என்று ஒரு கட்டம் சேருங்கள். ஆஸ்பெஸ்டோசிஸ் சட்டப்படி அறிவிக்க வேண்டிய நோய். அறிவிக்கும் கடமை ஆலை மேலாளருக்கும் உண்டு, வைத்தியம் பார்க்கும் மருத்துவருக்கும் உண்டு. வேலையையே கேட்காத சீட்டை வைத்துக்கொண்டு மருத்துவர் எதை அறிவிப்பார்?

இப்படிக்கு,
தொழிலாளர் இழப்பீட்டு மனுக்களில் உதவுவோர்,
குன்னூர், நீலகிரி மாவட்டம்.